பேனா யார் கையில்: ஷின்சுகே சாட்டோவின் மங்காப் படங்கள், ஒரு நிகழ்வு ஆய்வு

கதவில் தபால் போடுவதற்கென்று ஒரு சின்னத் திறப்பு. வெளியே நிற்பவன் குனிந்து, மூடியை விரலால் தள்ளி, உள்ளே பார்க்கிறான். சண்டை போட்டு அவனை வீட்டை விட்டுத் துரத்திய காதலி கட்டிலில் படுத்திருக்கிறாள். கூப்பிடுகிறான். அவள் உடம்பு அசைகிறது, ஆனால் மனித உடம்பு வளையாத பக்கமாக வளைகிறது. அப்புறம் எழுந்து கதவை நோக்கி வருகிறாள்.

2016 ஏப்ரலில் ஜப்பானியத் திரையரங்குகளுக்கு வந்த 'ஐ ஆம் எ ஹீரோ' படத்தின் காட்சி இது. கென்கோ ஹனசாவா வரைந்த மங்காவிலும் (ஜப்பானியச் சித்திரக்கதை) இதே கதவு, இதே திறப்பு உண்டு. ஆனால் அங்கே நம் கைதான் பக்கத்தைத் திருப்புகிறது. பயமாக இருந்தால் கொஞ்சம் நிறுத்திக்கொள்ளலாம். சினிமாவில் அந்த வசதி கிடையாது. இயக்குநர் ஷின்சுகே சாட்டோ கதவுத் திறப்பையே ஒரு மங்காக் கட்டமாக்கி, நம் கண்ணைக் கொண்டுபோய் அதற்குள் அடைத்துவிடுகிறார்.

மங்காவை நிஜ நடிகர்களை வைத்துப் படமாக்குவது ஜப்பானில் புதிதல்ல. அதற்கு 'ஜிஸ்ஷாகா' என்று தனிச்சொல்லே இருக்கிறது. ஒரு புகழ்பெற்ற மங்காவுக்கு ஜிஸ்ஷாகா அறிவிப்பு வந்தால் வாசகர்களில் பாதிப் பேர் சந்தோஷப்படுவதில்லை, தலையில் கை வைத்துக்கொள்கிறார்கள். நிறைய முறை அடிபட்ட அனுபவம். அந்த அவநம்பிக்கைக்கு நடுவில்தான் சாட்டோ 2001-இலிருந்து இந்த வேலையைச் செய்துவருகிறார். ஒருவரே இத்தனை மங்காக்களை, அதுவும் இத்தனை பெரிய செலவில், படமாக்கியது அபூர்வம். சில படங்கள் நின்றன, சில விழுந்தன. ஏன் என்று பார்க்க அவருடைய வாழ்க்கைப் பாதையில் ஒரு நூல் கிடைக்கிறது: படத்தின் தொடக்கத்தில் 'திரைக்கதை' என்று வருமே, அந்த அட்டையில் யார் யார் பெயர் இருக்கிறது என்பது. ஏனென்றால் சாட்டோ சினிமாவுக்குள் வந்ததே எழுத்தாளராகத்தான்.

கடைத்தெருவில் தொடங்கியவர்

1970-இல் ஹிரோஷிமா மாகாணத்தில் பிறந்தவர். டோக்கியோவில் முசாஷினோ கலைப் பல்கலைக்கழகத்தில் படித்தார். மாணவராக இருந்தபோது எடுத்த படம் 1994-இல் பியா திரைப்பட விழாவில் முதல் பரிசு வாங்கியது. சொந்தக் காசில், நண்பர்களை வைத்துப் படம் எடுப்பவர்களுக்கான விழா அது. கியோஷி குரோசாவா உட்பட ஜப்பானின் பல இயக்குநர்கள் அந்த வாசல் வழியாக வந்தவர்கள்தான்.

அதன்பின் அவர் போய்ச் சேர்ந்த இடம்தான் ஆச்சரியம். ஜுன் இச்சிகாவா என்ற இயக்குநருக்குத் திரைக்கதை எழுதினார். இச்சிகாவா விளம்பரப் படங்களிலிருந்து வந்தவர். அவருடைய சினிமாவில் சத்தமே இருக்காது. 1997-இல் வந்த 'டோக்கியோ யாக்யோகு' ஒரு பழைய கடைத்தெருவில் நடக்கும் கதை: நடுவயது மனிதர்கள், சொல்லாமல் விட்ட பழைய காதல். அந்தப் படத்துக்காக இச்சிகாவாவுக்கு மொன்ட்ரியால் விழாவில் சிறந்த இயக்குநர் விருது கிடைத்தது. எழுதியவர், அப்போது முப்பதைத் தொடாத சாட்டோ. 2000-இல் இச்சிகாவா டோக்கியோவின் ஷிமோகிதாசாவா பகுதியை வைத்து எடுத்த படத்துக்கும் அவர்தான் எழுதினார்.

பின்னாளில் வேற்றுக்கிரக ஜந்துக்களையும் பிணக்கூட்டங்களையும் பண்டைய சீனப் படைகளையும் இயக்கப்போகிறவர், தொழில் கற்றது கடைத்தெருவில் இரண்டு பேர் பேசாமல் நிற்பதை எழுதித்தான். இதை வெறும் சுவாரஸ்யமான தகவல் என்று தாண்டிப்போக முடியாது. அவர் படங்களில் முதல் இருபது நிமிடங்கள் ஏன் நன்றாக இருக்கின்றன என்பதற்குப் பதில் இங்கேதான் இருக்கிறது என்று நினைக்கிறேன்.

வாளும் மணலும்

2001-இல் இயக்குநரானார். அந்த ஆண்டு டிசம்பரில் வந்த 'ஷுராயுகிஹிமே' அவருடைய முதல் மங்காப் படம். கசுவோ கொய்கே எழுதி கசுவோ கமிமுரா வரைந்த எழுபதுகளின் மங்கா அது. 1973-இல் மெய்கோ காஜி நடித்து ஏற்கெனவே ஒரு படம் வந்து, உலகம் முழுக்க ரசிகர்களைச் சேர்த்துவைத்திருந்தது. குவென்டின் டாரன்டினோவின் 'கில் பில்' அதற்குப் பட்ட கடன் ஊரறிந்தது.

சாட்டோ மூலத்தின் மெய்ஜி காலத்தை, அதாவது பத்தொன்பதாம் நூற்றாண்டு இறுதி ஜப்பானை, தூக்கி எறிந்தார். பனி இல்லை, கிமோனோ இல்லை. பெயரில்லாத, பூட்டிக்கிடக்கும் ஒரு எதிர்கால நாடு. நாயகி யூகி ஒரு கொலைகாரக் கூட்டத்தில் வளர்ந்த பெண். சண்டைகளை அமைத்தவர் ஹாங்காங்கின் டோனி யென், சிறப்புக் காட்சிகளுக்கு ஷின்ஜி ஹிகுச்சி, இசை கென்ஜி கவாய். திரைக்கதையில் சாட்டோவோடு கெய் குனியின் பெயரும் இருக்கிறது. சண்டைகள் இன்றைக்கும் பார்க்கலாம். ஆனால் நடுவில் யூகி ஒரு இளைஞனின் வீட்டில் ஒளிந்திருக்கும் பகுதி மெதுவாக, கிட்டத்தட்ட இச்சிகாவா படம் போல, தனியாக ஓடுகிறது. இரண்டு படங்கள் ஒரே சுருளில் ஒட்டியது போல இருக்கும். எனக்கு அந்த மெதுவான படம்தான் பிடித்தது. வாள் சண்டைக்கு டிக்கெட் வாங்கியவர்களுக்கு எப்படி இருந்திருக்கும் என்று தெரிந்ததுதானே.

ஏழு ஆண்டுகள் கழித்து 2008-இல் 'சுனாதோக்கெய்', அதாவது மணல் கடிகாரம். ஹினாகோ அஷிஹாராவின் ஷோஜோ மங்கா, அதாவது இளம்பெண்களுக்கான மங்கா. ஷோககுகான் மங்கா விருது வாங்கியது. திரைக்கதை, இயக்கம் இரண்டுமே சாட்டோ, தனியாக.

கதையின் மையத்தில் நிஜமாகவே இருக்கும் ஒரு பொருள் உண்டு. ஷிமானே மாகாணத்தில் நிமா என்ற ஊரில் ஒரு மணல் அருங்காட்சியகம். அதற்குள் ஐந்து மீட்டருக்கு மேல் உயரமான மணல் கடிகாரம். உள்ளே ஒரு டன் மணல். முழுவதும் கீழே விழ ஒரு வருடம் ஆகும். புத்தாண்டு பிறக்கும் நள்ளிரவில் ஊர்க்காரர்கள் கயிறு பிடித்து இழுத்து அதைத் திருப்பிவைக்கிறார்கள். தாயை இழந்த ஆன் என்ற பெண்ணின் கதையில் அந்தக் கடிகாரம்தான் காலம். மங்காவில் ஆனின் பன்னிரண்டு வயதிலிருந்து பெரியவளாகும் வரைக்கும் போவதற்குப் பல தொகுதிகள் இருந்தன. படத்துக்கு இரண்டு மணி நேரம். சாட்டோ பள்ளிப் பருவத்துக்கு காஹோ, பெரியவளுக்கு நாவோ மட்சுஷிதா என்று இரண்டு நடிகைகளை வைத்துக் கதையை இரண்டாக மடித்தார். கிராமத்துப் பகுதி அழகாக நிற்கிறது. பெரியவளான ஆனுக்கு மிச்சமிருந்த மணல்தான் போதவில்லை.

தனியாக எழுதியபோது அவர் செய்தது இதுதான்: தனக்குப் பிடித்த இடத்தில் நிறைய நேரம் நின்றார். எழுத்தாளருக்கு அது குணம். முப்பது தொகுதி மங்காவை வெட்ட வேண்டிய ஆளுக்கு அது தொந்தரவு.

வயதைக் கூட்டு

2011-இல் 'கான்ட்ஸ்'. ஜனவரியில் ஒன்று, ஏப்ரலில் இன்னொன்று என்று இரண்டு பாகம். திரைக்கதை யூசுகே வதனாபே. அட்டையில் சாட்டோ பெயர் இல்லை.

ஹிரோயா ஓகுவின் மங்கா சுரங்க ரயில் நடைமேடையில் தொடங்குகிறது. குடிபோதையில் ஒருவர் தண்டவாளத்தில் விழுகிறார். கட்டோ என்ற பையன் இறங்கித் தூக்குகிறான். பழைய சிநேகிதன் குரோனோ வேண்டாவெறுப்பாக உதவப் போகிறான். ரயில் இருவரையும் அடித்துவிடுகிறது. கண் விழித்தால் ஒரு குடியிருப்பின் காலி அறை, ஜன்னலில் டோக்கியோ டவர், நடுவில் ஒரு கருப்புக் கோளம். செத்தவர்களைக் கூட்டிவந்து வேற்றுக்கிரகவாசிகளை வேட்டையாட அனுப்புகிறது அந்தக் கோளம். ஒவ்வொரு வேட்டைக்கும் மதிப்பெண். நூறு எடுத்தால் விடுதலை, அல்லது செத்த ஒருவரைத் திரும்ப எழுப்பலாம்.

மங்காவில் குரோனோ பள்ளி மாணவன். படத்தில் கல்லூரி முடிக்கப்போகிறவன், வேலை தேடுகிறவன். நடித்த கசுனாரி நினோமியாவுக்கு அப்போது 27 வயது. பள்ளிச் சீருடையில் நிறுத்தியிருந்தால் சிரிப்பு வந்திருக்கும், உண்மைதான். ஆனால் அந்த மாற்றம் அதோடு நிற்கவில்லை. வேலைக்கான நேர்காணலுக்குத் தயார் செய்கிறவன், யாரோ தனக்கு மதிப்பெண் போடும் அறையில் வந்து விழுகிறான். மூலத்தில் பள்ளிப்பையனின் அலட்சியமாக இருந்தது, படத்தில் 'நான் எதற்கு லாயக்கு' என்று கேட்டுக்கொண்டிருக்கும் இளைஞனின் கதையாகிவிட்டது. கருப்புக் கோளம் சும்மா ஒரு விளையாட்டுக் கருவியாக இல்லாமல், கேலி பேசும் மேலதிகாரி போல ஆகிறது.

ஒன்பது ஆண்டு கழித்து 'ஆலிஸ் இன் பார்டர்லேண்ட்' தொடரிலும் இதே கைவேலை. ஹாரோ அசோவின் மங்காவில் அரிசு பள்ளி மாணவன். தொடரில் வேலை இல்லாமல் வீட்டில் வீடியோ கேம் ஆடிக்கொண்டு, அப்பாவிடமும் தம்பியிடமும் பேச்சு வாங்கும் இளைஞன். மங்கா வாசகனின் வயதை மங்கா நாயகன் கொண்டிருப்பான். திரைக்கு வரும்போது அந்த வயதில் நான்கைந்து கூட்டிவிட்டால், அவனுக்கு ஒரு வேலைக் கவலை வந்துவிடுகிறது. கவலை வந்ததும் ஆள் நிஜமாகிவிடுகிறான்.

கான்ட்ஸ் வெளிவந்தபோது மங்கா முடியவில்லை. 2013 வரை ஓடி 37 தொகுதிகளில்தான் முடிந்தது. ஆகவே இரண்டாம் பாகத்துக்குச் சொந்தமாக ஒரு முடிவு தேவைப்பட்டது. படத்தைப் பார்க்காதவர்கள் அடுத்த வரியைத் தாண்டிப் போகலாம்: கோளத்துக்குள் இருந்தவரின் இடத்தைக் குரோனோவே எடுத்துக்கொள்கிறான். மூலத்தில் இது இல்லை. நடைமேடையில் வேண்டாவெறுப்பாக இறங்கியவன் கடைசியில் யாரும் கேட்காமல் இறங்குகிறான் என்ற கணக்கு சரியாகவே விழுகிறது, ஆனால் அதற்கு முன்னால் ரயிலுக்குள் நடக்கும் சண்டை நீண்டுகொண்டே போகும். முதல் பாகம் சுமார் 345 கோடி யென் வசூலித்தது, இரண்டாவது சுமார் 282 கோடி. அந்த வேகத்தில்தான் பெரிய செலவுப் படங்கள் அவரைத் தேடி வந்தன.

வெறும் ஹிதேயோ

'ஐ ஆம் எ ஹீரோ'வுக்குத் திரும்புவோம். இந்த ஆய்வில் எனக்கு முக்கியமான படம் இதுதான். திரைக்கதை அகிகோ நோகி. 2013-இல் சாட்டோ எடுத்த 'தோஷோகான் சென்சோ'வுக்கும் (அது மங்காவல்ல, ஹிரோ அரிகாவாவின் நாவல்) எழுதியவர். பின்னர் 'அன்னேச்சுரல்' போன்ற தொடர்களால் ஜப்பானில் வீட்டுக்கு வீடு தெரிந்த பெயரானவர்.

நாயகன் ஹிதேயோ சுசுகி 35 வயது மங்கா உதவியாளர். வேறொருவரின் மங்காவுக்குப் பின்னணி வரைந்து பிழைக்கிறான். முன்பு ஒரு பரிசு வாங்கியதோடு சரி. அவன் பெயரைச் சீன எழுத்தில் எழுதினால் 'எய்யூ' என்றும் படிக்கலாம். அதற்கு வீரன் என்று பொருள். யாரிடமும் அறிமுகம் செய்துகொள்ளும்போது 'வீரன் என்று எழுதி ஹிதேயோ என்று படிக்க வேண்டும்' என்று சொல்லிக்கொள்கிறான். அவனிடம் உரிமம் உள்ள ஒரு வேட்டைத் துப்பாக்கி இருக்கிறது. ஜப்பானில் அது மிக அரிது. ஊரே பிணங்களாக மாறி ஒருவரை ஒருவர் கடித்துக்கொண்டிருக்கும்போதும், துப்பாக்கியைப் பொது இடத்தில் உறையிலிருந்து எடுப்பது சட்டப்படி குற்றம் என்று தயங்குகிறான்.

நோகியின் திரைக்கதை இந்தத் தயக்கத்தைப் பிடித்துக்கொண்டது. பார்வையாளருக்கு முதல் கால்மணியிலேயே துப்பாக்கி இருப்பது தெரியும். எப்போது சுடுவான் என்று காத்திருக்கிறோம். சுடுவதே இல்லை. கடைசிக் கட்டத்தில், ஷாப்பிங் மாலின் அடித்தளத்தில் வேறு வழியே இல்லாதபோதுதான் விசை அழுத்தப்படுகிறது. அதன்பின் நிற்பதில்லை. ஒன்றரை மணி நேரம் அடக்கிவைத்தது மொத்தமும் அங்கே கொட்டுகிறது. எல்லாம் முடிந்து பெயர் கேட்கும்போது, அந்தப் பழைய விளக்கம் வரவில்லை. 'வெறும் ஹிதேயோ' என்கிறான்.

22 தொகுதிகளாக வளர்ந்த மங்காவில், படம் ஷாப்பிங் மால் பகுதியோடு கத்தரித்துக்கொள்கிறது. நோய் எங்கிருந்து வந்தது, உலகம் என்ன ஆனது, எதற்கும் பதில் இல்லை. பதில் சொல்லப் போயிருந்தால் படம் செத்திருக்கும். இந்தக் கதை ஒரு மனிதன் தன் பெயரைச் சரியாகச் சொல்லக் கற்றுக்கொள்வது மட்டுமே என்று முடிவு செய்த பிறகு, எங்கே வெட்டுவது என்பதில் குழப்பம் இல்லை. இந்த வெட்டுக்கு ஒரு விலையும் உண்டு. கசுமி அரிமுரா நடித்த ஹிரோமி, மங்காவில் கதையைத் தாங்கும் பாத்திரம். படத்தில் பாதி நேரம் தூக்கிச் சுமக்கப்படும் சுமையாகிவிடுகிறாள். அது குறைதான்.

இன்னொரு விஷயம், படம் பிடித்த இடம். நகரம் சரிந்துவிழும் காலைக் காட்சி, சாதாரணத் தெரு ஒன்றில், வெயிலில் நடக்கிறது. இருட்டும் புகையும் வைத்து மறைக்கவில்லை. ஒருவர் ஓடுகிறார், அடுத்த வீட்டில் ஏதோ உடைகிறது, யாரோ இன்னும் சைக்கிளில் போய்க்கொண்டிருக்கிறார். நெடுஞ்சாலைத் துரத்தலையும் மால் காட்சிகளையும் தென் கொரியாவில் எடுத்தார்கள். ஜப்பானில் நெடுஞ்சாலையை மூடிக் காரை உருட்ட அனுமதி வாங்குவது சுலபமில்லை. கொரியாவில் மூடிக்கிடந்த ஒரு மால் கிடைத்தது. சிட்ஜெஸ், பிரஸ்ஸல்ஸ் என்று கற்பனைப் பட விழாக்களில் பரிசுகள் குவிந்தன. பிரஸ்ஸல்ஸில் மிக உயர்ந்த பரிசான 'கோல்டன் ரேவன்' கிடைத்தது. இரண்டே ஆண்டில், 2018-இல், ஹிரோயா ஓகுவின் இன்னொரு மங்காவான 'இனுயாஷிகி'யை எடுத்து அதே பரிசை மறுபடியும் வாங்கினார். அதிலும் அதே கணக்குதான்: குடும்பத்தில் யாரும் மதிக்காத, புற்றுநோய் வந்த ஒரு வயதான அலுவலகக்காரர், ஒரு நாள் காலையில் தன் உடம்பு இயந்திரமாகியிருப்பதைப் பார்க்கிறார். நடித்தவர் நகைச்சுவைக்காரர் நோரிதாகே கினாஷி.

விழுந்தவை பற்றிக் கொஞ்சம்

2016-இலேயே வந்த 'டெத் நோட்: லைட் அப் த நியூ வேர்ல்ட்' பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. 2006-இல் ஷுசுகே கனெகோ எடுத்த படங்களின் தொடர்ச்சியாக, மூலத்தில் இல்லாத புதுக்கதை. தொடக்கத்திலேயே பல டெத் நோட்டுகள் (பெயர் எழுதினால் அந்த ஆள் சாகும் நோட்டு), பல துப்பறிவாளர்கள். சாதாரண மனிதனின் காலைப்பொழுது என்று ஒன்று எங்கேயும் இல்லை. சாட்டோவுக்கு நிற்க இடமே கிடைக்கவில்லை.

2018 ஜூலையில் வந்த 'ப்ளீச்' வேறு மாதிரி. டைட் கூபோவின் 74 தொகுதி மங்கா. திரைக்கதை டைசுகே ஹபாராவும் சாட்டோவும். மரணதேவர்களின் உலகத்தை முழுக்கத் தள்ளிவைத்து, நாயகன் இச்சிகோ வாழும் ஊரையே மேடையாக்கினார்கள். பேருந்துகள் நிற்கும் ரயில் நிலைய வாசலில் கடைசிச் சண்டை. எனக்கு அது நல்ல முடிவாகவே படுகிறது. மங்காவில் ஆகாயத்தில் நடக்கும் சங்கதிகளை பஸ் ஸ்டாண்டுக்கு இறக்கிவைத்தால் அடி விழும் சத்தம் கேட்கிறது. மரணதேவர்களில் ஒருத்தியான ருகியாவாக ஹானா சுகிசாகி அருமை. ஆனால் கதை தொடர்ச்சிக்குக் கதவைத் திறந்துவைத்து முடிந்தது, அந்தத் தொடர்ச்சி வரவில்லை. எதிர்பார்த்த கூட்டம் சேரவில்லை.

காசும் கையெழுத்தும்

இந்த இடத்தில் ஒரு சுற்றுவழி. ஜப்பானியப் பெரும்படங்கள் பெரும்பாலும் 'செய்சாகு ஈன்காய்' என்ற கூட்டு முறையில் வருகின்றன. தொலைக்காட்சி நிறுவனம், விநியோக நிறுவனம், விளம்பர நிறுவனம், மங்காவை வெளியிட்ட பதிப்பகம் என்று பலர் சேர்ந்து முதல் போடுவார்கள். நஷ்டம் வந்தால் பங்கிட்டுக்கொள்ளலாம். படைப்பாளிக்கு ஒரு தொகை தரப்படும், அதோடு சரி. 'தெர்மே ரோமே' மங்காவை வரைந்த மாரி யமசாகி, படம் கிட்டத்தட்ட 600 கோடி யென் வசூலித்தபோது தனக்குக் கிடைத்தது பத்து லட்சம் யென்தான் என்று 2013-இல் தொலைக்காட்சியிலேயே சொன்னார். பெரிய விவாதம் ஆனது.

பணத்தைவிடக் கனமானது கையெழுத்துப் பிரச்சினை. கதையை யார் மாற்றலாம், எவ்வளவு மாற்றலாம்? 'சுனாதோக்கெய்' வரைந்த அதே ஹினாகோ அஷிஹாராவின் இன்னொரு மங்கா 2023 இறுதியில் தொலைக்காட்சித் தொடராக வந்தது. மூலத்துக்கு விசுவாசமாக இருக்க வேண்டும் என்ற தன் நிபந்தனை காக்கப்படவில்லை என்றும், கடைசி இரண்டு பகுதிகளைத் தானே எழுத வேண்டியிருந்தது என்றும் அவர் எழுதினார். 2024 ஜனவரி இறுதியில் அவர் இறந்தார். அது ஜப்பானையே உலுக்கியது. தொலைக்காட்சி நிறுவனமும் பதிப்பகமும் விசாரணை அறிக்கைகள் வெளியிட்டன. அந்தத் தொடருக்கும் சாட்டோவுக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. ஆனால் 'பேனா யார் கையில்' என்ற கேள்வி எவ்வளவு தூரம் போகக்கூடியது என்று அதற்குப் பிறகு யாருக்கும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

மூன்று பெயர்கள்

இதற்கு ஐந்து ஆண்டு முன்பே, 2019 ஏப்ரலில் வந்த 'கிங்டம்' படத்தின் அட்டையில் மூன்று பெயர்கள் இருந்தன: சுடோமு குரோய்வா, ஷின்சுகே சாட்டோ, யாசுஹிசா ஹாரா. மூன்றாமவர்தான் மங்காவை வரைந்தவர்.

கிங்டம் 2006-இலிருந்து 'வீக்லி யங் ஜம்ப்' இதழில் ஓடும் மங்கா. கி.மு. மூன்றாம் நூற்றாண்டுச் சீனா, சின் நாடு, சண்டையிடும் அரசுகளின் காலம். ஷின் என்ற அடிமைப் பையன் பெருந்தளபதி ஆக ஆசைப்படுகிறான். அரியணை பறிபோன இளம் அரசன் எய்செய் (நாம் வரலாற்றில் முதல் பேரரசர் என்று படிப்பவர்) அவனோடு சேர்கிறான். சீன வரலாறு, நடிப்பது எல்லாரும் ஜப்பானியர்கள். அறிவிப்பு வந்தபோது நம்பியவர்கள் குறைவு.

படம் முதல் ஐந்து தொகுதிகளோடு நின்றது. அரசன் தலைநகரை மீட்பது வரை. பெரும்போர் எதுவும் இன்னும் வரவில்லை. எழுபது தொகுதிக்கு மேல் போகும் கதையில் ஐந்தே தொகுதி என்பது ப்ளீச்சில் செய்ததே போலத்தான் தெரியும். வித்தியாசம், இதில் ஒரு காரியம் தொடங்கி முடிகிறது. உயிர் நண்பன் ஹியோ அரசனுக்குப் பதிலாகச் சாகிறான். அவனைப் போலவே முகம் கொண்ட அரசனை ஷின் முதலில் வெறுக்கிறான், பிறகு அவனுக்காக வாள் எடுக்கிறான். இரண்டு வேடங்களிலும் ரியோ யோஷிசாவா. செத்த நண்பனின் முகத்தோடு ஒருவன் எதிரே நின்று கட்டளையிடுவது, வரைந்த கட்டத்தில் இருப்பதைவிடச் சதையும் ரத்தமுமாகப் பார்க்கும்போது அதிகமாக வலிக்கிறது. ஜிஸ்ஷாகாவுக்கு நியாயம் வேண்டுமென்றால் இந்த ஒரு விஷயத்தைச் சொல்லலாம்.

வெளிக்காட்சிகளைச் சீனாவின் ஜெஜியாங் மாகாணத்தில் ஷியாங்ஷான் படநகரத்தில் எடுத்தார்கள். அரண்மனை வாசலின் அகலத்தைப் பார்த்தாலே தெரியும், அது டோக்கியோ அரங்கம் அல்ல. தளபதி ஓகியாக நடித்த தகாவோ ஓசாவா உடம்பைப் பெருக்கி, அந்த வினோதமான புன்னகையைப் பிடித்தார். மங்கா ரசிகர்கள் தலையில் கை வைக்கத் தயாராக இருந்த பாத்திரம் அது. அவரைப் பார்க்கவே மறுபடி தியேட்டருக்குப் போனார்கள்.

573 கோடி யென் வசூல். தொடர்ச்சிகள் 2022, 2023, 2024 என்று வந்தன. அவற்றின் அட்டையில் குரோய்வாவும் ஹாராவும் மட்டும். சாட்டோவின் பெயர் இயக்குநர் இடத்துக்கு நகர்ந்துவிட்டது. வெட்டுகிறவரும் தைக்கிறவரும் வரைந்தவரும் ஒரே மேசையில் உட்கார்ந்திருந்தால் 'மூலத்தைச் சிதைத்துவிட்டார்கள்' என்று சொல்ல யாரும் மிச்சமில்லை. (குரோய்வா 2022-இன் 'ஒன் பீஸ் ஃபிலிம் ரெட்' எழுதியவரும்கூட. பெரிய மங்காக்களின் அளவு பழகிய கை.)

பேனாவை விட்டதும் சாட்டோ என்ன செய்தார் என்று இரண்டாம் பாகத்தில் பார்க்கலாம். ஷின் முதல்முறையாகப் போருக்குப் போகிறான், ஐந்து பேர் கொண்ட சின்னக் குழுவில். குழுத்தலைவர் தக்குகேய், சோர்ந்த முகத்தோடு சிரிக்கும் மெல்லிய மனிதர். ஊர்க்காரச் சகோதரர்கள் பிஹேய், பிதோ. அப்புறம் பேசவே பேசாத கியோக்காய். படையெடுப்பை மேலிருந்து காட்டும் ஷாட்கள் உண்டு, ஆனால் கேமரா திரும்பத் திரும்ப இந்த ஐந்து பேரின் முகத்துக்கே இறங்கிவிடுகிறது. தேர்கள் வருகின்றன என்ற செய்தி, தேரைப் பார்க்கும் முன்னால் தக்குகேயின் கண்ணில் தெரிகிறது. கடைத்தெருவில் இரண்டு பேர் பேசாமல் நிற்பதை எழுதியவர் எங்கும் போய்விடவில்லை. நான்கு படங்களும் சேர்ந்து மங்காவின் 16 தொகுதிகள் வரைதான் வந்திருக்கின்றன. நான்காவது சுமார் 800 கோடி யென்.

காலியான ஷிபுயா

2020 டிசம்பரில் நெட்ஃபிளிக்ஸில் 'ஆலிஸ் இன் பார்டர்லேண்ட்'. எழுதியவர்கள் மூன்று பேர், அவர்களில் ஒருவராகச் சாட்டோ. கிங்டமில் ஷின்னாக நடித்த கென்டோ யமசாகிதான் அரிசு. திரைப்படத்துக்கு வெளியே, நேரப் பஞ்சம் இல்லாத ஊடகத்தில், அவர் எடுத்த முதல் பெரிய மங்காத் தொடர்.

மூன்று நண்பர்கள் ஷிபுயாவின் புகழ்பெற்ற சந்திப்பில் கூத்தடிக்கிறார்கள். போலீஸ் வருகிறது. ஓடிப்போய் ரயில் நிலையக் கழிப்பறையில் ஒளிகிறார்கள். விளக்கு அணைகிறது. வெளியே வந்தால் யாருமில்லை. டோக்கியோவின் மிக நெரிசலான சந்திப்பில் ஒரு ஈ காக்கா இல்லை. இனி உயிரோடிருக்க, சீட்டுக்கட்டின் பெயரில் வரும் ஆட்டங்களை ஜெயித்தாக வேண்டும். இந்த மொத்தமும் ஒரே ஷாட் போலத் தொடர்ந்து ஓடுகிறது, ஏறக்குறைய நான்கு நிமிடம். நிஜ ஷிபுயாவை யாராலும் காலி செய்ய முடியாது. தொச்சிகி மாகாணத்தில் ஆஷிகாகா நகரில் திறந்தவெளியில் அந்தச் சந்திப்பையே கட்டி, சுற்றிலும் பச்சைத் திரை நிறுத்தி, கட்டடங்களைக் கணினியில் சேர்த்தார்கள். கதவுத் திறப்பின் வேலையைத்தான் கழிப்பறைக் கதவும் செய்கிறது. உள்ளே போகும்போது ஓர் உலகம், வெளியே வரும்போது இன்னோர் உலகம், நடுவில் நிம்மதியாக மூச்சுவிடும் சில விநாடிகள். மங்காவில் அந்தக் கழிப்பறை கிடையாது.

முதல் இரண்டு சீசன்கள் மங்காவின் முக்கியக் கதையைச் சொல்லி முடித்துவிட்டன. நெட்ஃபிளிக்ஸின் ஜப்பானியத் தொடர்களிலேயே அதிகம் பார்க்கப்பட்டது என்ற பெயரும் வந்தது. இரண்டாம் சீசனின் கடைசி ஷாட்: மருத்துவமனை முற்றத்தில் ஒரு மேசை, காற்றில் சீட்டுகள் பறந்துபோகின்றன, ஜோக்கர் மட்டும் கிடக்கிறது. அந்தச் சீட்டுக்குப் பின்னால் நீளமாகச் சொல்ல மங்காவில் கதை மிச்சமில்லை. மூன்றாம் சீசன் 2025 செப்டம்பர் 25 அன்று வந்தது. அதன் பெரும்பகுதியைப் புதிதாக யாராவது எழுதியாக வேண்டியிருந்தது. திரைக்கதை அட்டையில் இரண்டு பெயர்கள் இருந்தன: யாசுகோ குராமிட்சு, ஷின்சுகே சாட்டோ.